அம்மாவின் ஈரலில் 2.8 செ.மீ. 'லீஷன்': பயாப்சி வரை போகத்தான் வேண்டுமா?

தாமிரபரணிக்காரன்:

வணக்கம். பதிவு கொஞ்சம் நீளம், பொறுத்துக்கொள்ளுங்கள். இரண்டு வாரமாக எங்கள் வீட்டில் யாருக்கும் சரியான தூக்கம் இல்லை.

அம்மாவுக்கு 56 வயது, பாளையங்கோட்டையில் இருக்கிறார். நான் வேலைக்காக ஓசூரில். எட்டு வருடமாகச் சர்க்கரை உண்டு, மாத்திரையோடு சரி. வலி, எடைக் குறைவு, காமாலை எதுவும் கிடையாது. காலை ஐந்து மணிக்கு எழுந்து வாசல் தெளித்துக் கோலம் போட்டுவிட்டுத்தான் காபி குடிப்பார். போன மாதம் தங்கைதான் பிடிவாதமாக மாஸ்டர் செக்கப்புக்கு அழைத்துப் போனாள். அதில் வயிற்று ஸ்கேன் (அல்ட்ராசவுண்ட்) ரிப்போர்ட்டில் ஃபேட்டி லிவர் கிரேடு 2 என்று எழுதி, அதற்குக் கீழே இன்னொரு வரி: ஈரலின் 6-ஆம் செக்மென்ட்டில் (பகுதியில்) 2.8 x 2.4 செ.மீ. ஹைப்போஎக்கோயிக் லீஷன், அதாவது சுற்றியிருக்கிற ஈரலை விடக் கருப்பாகத் தெரிகிற ஒரு திட்டு, ஹெமாஞ்சியோமா (தீங்கில்லாத ரத்தக்குழாய்க் கட்டி) என்று போட்டு ஒரு கேள்விக்குறி, மெட்டாஸ்டாஸிஸ் என்று போட்டு இன்னொரு கேள்விக்குறி. சி.டி. எடுத்துப் பார்க்கவும் என்று முடித்திருந்தார்கள். தங்கை திரும்பி வரும்போது ஆட்டோவிலேயே அந்த இரண்டாவது வார்த்தையைப் போனில் தேடிப் பார்த்துவிட்டாள்: வேறு இடத்திலிருந்து பரவிய புற்றுநோய். பக்கத்தில் அம்மா உட்கார்ந்திருக்க, இவள் அழுகையை அடக்கிக்கொண்டு வந்திருக்கிறாள்.

மறுநாளே பக்கத்தில் இருந்த ஒரு சென்டரில் மருந்து போட்டு சி.டி. எடுத்தோம். அதில் 'ஓரத்தில் மருந்து ஏற்றம் தெரிகிறது, உறுதியாகச் சொல்ல இயலவில்லை, ட்ரைபேசிக் சி.டி. அல்லது எம்.ஆர்.ஐ. செய்யவும்' என்று வந்திருக்கிறது. காஸ்ட்ரோ (வயிறு, குடல், ஈரல்) டாக்டரிடம் காட்டினால் அவர் படத்தை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்துவிட்டு, "ஏன் ஒரே ஒரு ஃபேஸ் மட்டும் எடுத்தீங்க?" என்று எங்களைக் கேட்கிறார். எங்களுக்கு என்ன தெரியும்? எடுத்தது அவர்கள், பணம் கட்டியது மட்டும்தான் நாங்கள்.

இப்போது எம்.ஆர்.ஐ. எழுதிக் கொடுத்திருக்கிறார். சித்தப்பாவோ, படம் மேல் படம் எடுப்பதை விட ஊசி போட்டுச் சதை எடுத்து பயாப்சி பார்த்தால் ஒரே நாளில் தெரிந்துவிடுமே என்கிறார். அம்மாவிடம் ஈரலில் கொழுப்பு என்று மட்டும் சொல்லி வைத்திருக்கிறோம். சி.டி.யில் அப்படி என்னதான் தவறு நடந்தது, எம்.ஆர்.ஐ.யும் இப்படியே 'உறுதியாகச் சொல்ல இயலவில்லை' என்று வந்தால் என்ன செய்வது, பயாப்சி நல்லதா கெட்டதா? விவரம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

பச்சை வென்ஃப்ளான்:

தம்பி, நான் டாக்டர் இல்லை. சி.டி. டெக்னீஷியன், 19 வருடமாக அந்த மெஷின் பக்கத்தில்தான் வாழ்க்கை. ஆகவே நோயைப் பற்றிச் சொல்ல மாட்டேன், ஸ்கேனில் என்ன நடந்தது என்பதை மட்டும் சொல்கிறேன்.

ஈரலுக்கு ரத்தம் இரண்டு வழியாக வருகிறது. கால் பங்கு ஹெபாட்டிக் ஆர்ட்டரி வழியாக நேரே இதயத்திலிருந்து, முக்கால் பங்கு குடலைச் சுற்றிவிட்டு போர்ட்டல் வெயின் வழியாக. கையில் ஏற்றுகிற மருந்தும் அந்த ரத்தத்தோடுதான் போகும் என்பதால் ஈரலுக்குள் இரண்டு தவணையாக வந்து சேரும். மருந்து போக ஆரம்பித்து 35 செகண்ட் வாக்கில் ஆர்ட்டரி வழி வந்தது மட்டும் ஈரலில் இருக்கும், 70 செகண்டில் போர்ட்டல் வழி வந்து ஈரல் முழுக்க வெளுக்கும், மூன்று முதல் ஐந்து நிமிடத்தில் எல்லாம் வடிய ஆரம்பிக்கும். இந்த ஒவ்வொரு நேரத்தையும் ஒரு ஃபேஸ் என்போம், மூன்றிலும் தனித்தனியாக எடுத்தால் அது ட்ரைபேசிக். ஈரலில் இருக்கிற ஒரு திட்டு இந்த மூன்று படத்திலும் என்ன நிறத்தில் இருக்கிறது, நிறம் எப்படி மாறுகிறது என்பதை வைத்துத்தான் அது என்ன என்று ரேடியாலஜிஸ்ட் சொல்கிறார். ஒரே படத்தை நீட்டி, 'இது என்ன சொல்லுங்கள்' என்றால் சினிமாவில் ஒரு காட்சியை மட்டும் காட்டிக் கதையைக் கேட்கிற மாதிரி.

இதில் பெரும்பாலும் சென்டர்காரன் தப்பு மட்டுமில்லை, எழுதிக் கொடுத்த சீட்டைப் பாருங்கள். 'வயிறு, கான்ட்ராஸ்ட் சி.டி.' என்று இருந்தால் நாங்கள் 70 செகண்டில் ஒரே தடவை எடுத்து அனுப்பிவிடுவோம். குடல்வால், கணைய வீக்கம், காய்ச்சல் என்று வருகிற பாதிப் பேருக்கு அது போதும். எல்லோருக்கும் மூன்று தடவை எடுத்தால் மூன்று மடங்கு கதிர்வீச்சு. 'ஈரல் லீஷன், ட்ரைபேசிக்' என்று சீட்டில் ஒரு வார்த்தை இருந்திருந்தால் வேறு மாதிரி எடுத்திருப்பார்கள். உங்கள் ஸ்கேன் ரிப்போர்ட் கூடவே போயிருந்தாலும் கவுன்ட்டரில் யாரும் பிரித்துப் படித்திருக்க மாட்டார்கள், எங்கள் இடத்திலும் அதே கதைதான்.

இன்னொன்று, அம்மாவுக்கு ஊசி எங்கே போட்டார்கள், என்ன நிறம் என்று ஞாபகம் இருக்கிறதா? ஆர்ட்டரி ஃபேஸ் சரியாக வர வேண்டுமென்றால் செகண்டுக்கு நாலு மில்லி வேகத்தில் மருந்தைத் தள்ள வேண்டும், அதற்கு முழங்கை மடிப்பில் பச்சை வென்ஃப்ளான் (கையில் குத்தி வைக்கிற ஊசிக்குழாய், நிறம் அதன் தடிமனைக் காட்டும்), ரத்தக்குழாய் மெல்லிசாக இருந்தால் ரோஸ். புறங்கையில் நீலம் போட்டிருந்தால் அந்த வேகத்தில் தள்ள முடியாது, குழாய் வெடித்துக் கை வீங்கிவிடும். நீல ஊசியோடு ஈரல் சி.டி.க்கு வருகிறவர்களை நான் திருப்பி அனுப்பி மாற்றிக்கொண்டு வரச் சொல்வேன், அதற்காக வார்டில் எனக்குக் கெட்ட பெயர் உண்டு.

எம்.ஆர்.ஐ.க்குப் போகும்போது: தாலியில், ஜாக்கெட்டில் மாட்டியிருக்கிற ஊக்கு எல்லாவற்றையும் வீட்டிலேயே கழற்றிவிடச் சொல்லுங்கள். தாலிக் கொடியைக் கழற்ற மாட்டேன் என்று சிலர் அங்கே வந்து தகராறு செய்வார்கள், முன்கூட்டியே மஞ்சள் கயிற்றில் மாற்றிக்கொள்ளலாம். மூச்சை 15, 20 செகண்ட் பிடிக்கப் பழகச் சொல்லுங்கள். ஈரல் எம்.ஆர்.ஐ. கெடுவதற்கு முதல் காரணம் மூச்சுதான், மெஷின் இல்லை.

வைகைக்கரையாள்:

உங்கள் தங்கை ஆட்டோவில் பட்ட பாட்டை நான் டவுன் பஸ்ஸில் பட்டிருக்கிறேன், அதனால் எழுதுகிறேன்.

எனக்கு அப்போது 34 வயது. பி.சி.ஓ.டி.க்காக (சினைப்பை நீர்க்கட்டி) ஆறு வருடம் ஹார்மோன் மாத்திரை சாப்பிட்டுக்கொண்டிருந்தேன். வேறு எதற்கோ எடுத்த ஸ்கேனில் இடது பக்க ஈரலில் 4 செ.மீ. கட்டி. முதலில் பார்த்தவர் மாத்திரை விஷயத்தைக் கேட்டதும், 'அப்படியென்றால் அடினோமாவாக இருக்கும், இது வெடித்து ரத்தம் கசியலாம், சில சமயம் கேன்சராகவும் மாறும், ஆபரேஷன்தான்' என்று சொல்லிவிட்டார். அதைக் கேட்ட பிறகு எனக்குத் தும்மவே பயம். தும்மினால் வெடித்துவிடுமோ என்று.

இரண்டாவது டாக்டர்தான் ஈரல் செல்லே உறிஞ்சிக்கொள்கிற ஒரு மருந்து இருக்கிறது, அதைப் போட்டு எம்.ஆர்.ஐ. எடுப்போம் என்றார். காடோக்ஸெட்டேட் என்று பெயர். ஏற்றின மருந்தில் ஏறக்குறைய பாதியை ஈரல் செல்கள் எடுத்துப் பித்தத்தில் விடும், அதற்காக 20 நிமிடம் காத்திருந்து கடைசியாக ஒரு தடவை படம் எடுப்பார்கள். அந்த 20 நிமிடமும் உள்ளேயே படுத்துக்கொண்டு, தலைக்கு மேல் டக் டக் என்று சத்தம், நான் கந்த சஷ்டி கவசம் சொல்லி அதுவும் முடிந்து திரும்ப முதலிலிருந்து ஆரம்பித்தேன். கடைசிப் படத்தில் என் கட்டி சுற்றியிருக்கிற ஈரலை விடக் கொஞ்சம் வெளிச்சமாகவே இருந்தது, நடுவில் நட்சத்திரம் மாதிரி ஒரு தழும்பு. எஃப்.என்.எச்., ஃபோகல் நாடுலர் ஹைபர்பிளேசியா. அதாவது அதுவும் ஈரல் செல்தான், வேலை செய்கிற செல்தான், தாறுமாறாகக் குவிந்து கிடக்கிறது, அதனால் மருந்தை வாங்கிக்கொள்கிறது. அடினோமா பெரும்பாலும் அந்தக் கடைசிப் படத்தில் கருப்பாகத் தெரியுமாம். எஃப்.என்.எச். வெடிக்காது, கேன்சராக மாறாது, மாத்திரையைக்கூட நிறுத்த வேண்டியதில்லை என்றார். (நான் நிறுத்திவிட்டேன், அது வேறு கதை.)

அதற்காக அடினோமா என்பதே பொய்க் கதை என்று சொல்லவில்லை. 5 செ.மீ.க்கு மேல் என்றால், ஆண்களுக்கு என்றால் எந்த அளவானாலும், பெரும்பாலும் எடுத்துவிடச் சொல்வார்கள். ஜிம்மில் ஸ்டீராய்டு ஊசி போட்டுக்கொள்கிற பையன்களுக்கும் அது வரும், யார் வீட்டிலாவது இருந்தால் சொல்லி வையுங்கள். எனக்குக் கோபம் எல்லாம் படத்தை முழுதாக எடுக்காமலே ஆபரேஷன் தேதி கொடுக்கத் தயாராக இருந்தார்களே என்பதுதான்.

மூலிகைப்பிரியன்:

கீழாநெல்லியை வேரோடு பிடுங்கி மோரில் அரைத்து வெறும் வயிற்றில் ஒரு மண்டலம் கொடுங்கள். ஈரலில் எந்தக் கட்டியும் நிற்காது. எம்.ஆர்.ஐ. செலவு மிச்சம்.

இருட்டறை:

ரேடியாலஜிஸ்ட், கோவை. படத்தைப் பார்க்காமல் ரிப்போர்ட்டின் வார்த்தையை மட்டும் வைத்துச் சொல்கிறேன், அந்த அளவுக்கு மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள்.

முதலில் மூலிகைப்பிரியன் ஐயாவுக்கு. ஹெமாஞ்சியோமா என்பது ரத்தக்குழாய்கள் பின்னிக்கொண்ட ஒரு பஞ்சு. சாப்பாட்டால் வந்ததும் இல்லை, எதைக் குடித்தாலும் கரையப்போவதும் இல்லை, கரைய வேண்டிய அவசியமும் பெரும்பாலும் இல்லை. ஒரு மண்டலம் கழித்து அது அப்படியே இருப்பதைப் பார்த்து அந்தக் குடும்பம் இன்னும் பயப்படும்.

இப்போது உங்கள் அம்மா விஷயம். ஈரலில் வருகிற தீங்கில்லாத கட்டிகளில் ஹெமாஞ்சியோமாதான் மிகச் சாதாரணம், பெண்களுக்கு அதிகம். சாதாரண ஈரலில் அல்ட்ராசவுண்டில் அது பளிச்சென்று வெள்ளையாக, ஓரம் கத்தரித்த மாதிரி சுத்தமாகத் தெரியும். அப்படித் தெரிந்தால், ஆளுக்கு வேறு எந்த ஆபத்துக் காரணமும் இல்லையென்றால், 3 செ.மீ.க்குள் இருப்பதைப் பலர் அந்த ஸ்கேனோடேயே விட்டுவிடுவார்கள். சிக்கல் எங்கே என்றால் உங்கள் அம்மாவுக்கு ஃபேட்டி லிவர். கொழுப்பு ஏறினால் ஈரல் முழுவதுமே ஸ்கேனில் வெளுத்துவிடும். வெள்ளைச் சுவரில் வெள்ளைப் பொட்டு தெரியாது, சுவர் அதைவிட வெளுத்துவிட்டால் பொட்டு கருப்பாகவே தெரியும். வேறு இடத்திலிருந்து பரவிய புற்றுநோயும் ஸ்கேனில் பெரும்பாலும் கருப்பாகத்தான் தெரியும். அதனால்தான் அந்த டாக்டர் இரண்டு கேள்விக்குறி போட்டிருக்கிறார். அவர் பயமுறுத்தவில்லை, தன் கண்ணுக்குத் தெரிந்ததற்குமேல் எழுதவில்லை. ஆனால் நோயாளி கையில் போகிற காகிதத்தில் மெட்டாஸ்டாஸிஸ் என்று எழுதும்போது போனை எடுத்து அனுப்பின டாக்டரிடம் ஒரு வார்த்தை பேசியிருக்கலாம், நானும் இதில் எப்போதும் ஒழுங்கு என்று சொல்ல மாட்டேன்.

சி.டி. ரிப்போர்ட்டில் 'ஓரத்தில் மருந்து ஏற்றம்' என்று மட்டும் இருக்கிறது என்கிறீர்கள். அந்த ஓரம் எப்படி என்பதுதான் எல்லாமே. ஹெமாஞ்சியோமாவில் ஓரத்தில் முடிச்சு முடிச்சாக, விட்டு விட்டு, பக்கத்து ரத்தக்குழாய் அளவுக்கே பளிச்சென்று இருக்கும். பிறகு நேரம் ஆக ஆக உள்ளே பரவும். உங்கள் ஊர்க்காரர்களுக்குச் சொல்வதென்றால் வயலில் மடை திறந்தால் வரப்போரம் முதலில் நனைந்து நடுமேடு கடைசியில் நனைகிறதே, அதே மாதிரி. மெட்டாஸ்டாஸிஸில் ஓரம் அறுபடாத வளையமாகச் சுற்றி வரும், உள்ளே நிறைந்துகொண்டு வராது. ஒரே படத்தில் முடிச்சா வளையமா என்று சில சமயம் பிரித்துவிடலாம், சில சமயம் முடியாது. ஐந்து நிமிடம் கழித்து ஒரு படம் இருந்திருந்தால் இந்தத் திரியே தேவைப்பட்டிருக்காது.

ஆகவே எம்.ஆர்.ஐ. சரியான முடிவு. அதில் டி2 என்று ஒரு வகைப் படம் உண்டு, மருந்து போடும் முன்பே எடுப்பது. ஹெமாஞ்சியோமாவுக்குள் ரத்தம் கிட்டத்தட்டத் தேங்கி நிற்பதால் அந்தப் படத்தில் இருட்டறையில் பல்பு எரிகிற மாதிரித் தெரியும், எங்கள் பாடப் புத்தகத்திலேயே அதற்குப் பெயர் லைட் பல்பு அடையாளம்தான். அதோடு மருந்து போட்டு மூன்று நேரமும் பார்த்துவிட்டால் பெரும்பாலானவர்களுக்குக் கேள்வி முடிந்துவிடும்.

எந்த மருந்து என்பதையும் கேட்டுக்கொள்ளுங்கள். வைகைக்கரையாள் அக்கா சொன்ன மருந்து எஃப்.என்.எச்.சா அடினோமாவா என்று பிரிக்க அருமையானது, விலையும் அதிகம். ஆனால் ஹெமாஞ்சியோமாவைத்தான் சந்தேகப்படுகிறோம் என்றால் எம்.ஆர்.ஐ.க்கு வழக்கமாகப் போடுகிற சாதாரண காடோலினியம் மருந்தே மேல். ஏனென்றால் அந்தச் சிறப்பு மருந்தில் சில நிமிடத்திலேயே சுற்றியிருக்கிற ஈரல் வெளுத்துவிடும், ஹெமாஞ்சியோமாவுக்குள் ஈரல் செல் கிடையாது என்பதால் அது ஒப்பீட்டில் கருத்துப்போய், மருந்து வடிந்துவிட்ட மாதிரி ஒரு பொய்த் தோற்றம் வரும். விலை அதிகமானதுதான் நல்லது என்று நினைத்து நீங்களாகக் கேட்டு வாங்க வேண்டாம்.

பயாப்சி: படத்தில் பெயர் சொல்ல முடியாதபோதுதான். ரத்தப் பஞ்சுக்குள் ஊசியை விடுவதற்குச் சித்தப்பா ஆசைப்படலாம், நான் ஆசைப்பட மாட்டேன்.

கடைசியாக மூன்று கேள்வி. ஹெபடைட்டிஸ் பி, சி பார்த்தாயிற்றா? அம்மாவுக்கு முன்பு எப்போதாவது புற்றுநோய் சிகிச்சை நடந்ததா? வயிற்றில் ஏதாவது ஆபரேஷன் நடந்திருந்தால், அதற்கு முன்பு எடுத்த பழைய ஸ்கேன் எங்கே? முதல் இரண்டில் ஒன்றுக்கு ஆம் என்றால், அல்லது ஈரல் சுருங்கிப்போய் இருந்தால், நான் மேலே சொன்னதெல்லாம் அப்படியே பொருந்தாது. சிரோசிஸ் உள்ள ஈரலில் எந்தத் திட்டையும் நல்லது என்று எடுத்துக்கொண்டு ஆரம்பிக்க மாட்டோம். அங்கே ஈரல் புற்றுநோய்க்காகப் பார்க்கிற ஏ.எஃப்.பி. ரத்தப் பரிசோதனை நார்மல் என்பதை வைத்தும் நிம்மதி அடைய முடியாது.

தாமிரபரணிக்காரன்:

டாக்டர், ரொம்ப நன்றி. பி, சி இரண்டும் நெகட்டிவ், செக்கப்பிலேயே இருந்தது. கேன்சர் சிகிச்சை எதுவும் இல்லை. ஆபரேஷன் என்று நீங்கள் கேட்டதும்தான் ஞாபகம் வருகிறது, 2014-இல் பித்தப்பைக் கல்லுக்காக லேப்ராஸ்கோப்பியில் பித்தப்பையை எடுத்தார்கள். நான் அப்போது காலேஜ் ஹாஸ்டலில் இருந்தேன். காகிதம் எல்லாம் எங்கே என்று தெரியவில்லை, தங்கையைத் தேடச் சொல்கிறேன்.

பச்சை வென்ஃப்ளான் அண்ணே, நீங்கள் கேட்டது சரி. புறங்கை, நீலம். தங்கை போட்டோ எடுத்து வைத்திருக்கிறாள்.

நெடுந்தீவான்:

நான் 1990களில் ஜெர்மனிக்கு வந்தனான், இங்கே என் மனைவிக்கும் இதே பிரச்சினை வந்தது, அதனால் சொல்கிறேன். இங்கே சி.டி.க்கு அனுப்பாமல், அல்ட்ராசவுண்ட் பார்த்த அதே கட்டிலில், கையில் ஒரு மருந்தை ஏற்றித் திரும்பவும் அல்ட்ராசவுண்டிலேயே பார்த்தார்கள். மருந்து என்றால் வாயுக் குமிழிகள். சிவப்பணுவை விடச் சிறியவை, உள்ளே சல்பர் ஹெக்ஸாஃப்ளோரைடு, கடைசியில் அது மூச்சு வழியாகவே வெளியே போய்விடும். சிறுநீரகத்துக்கு வேலையே இல்லை, அயோடின் இல்லை, கதிர்வீச்சு இல்லை.

டாக்டர் ஸ்கிரீனைத் திருப்பி எங்களுக்கும் காட்டினார். முதலில் கருப்பு வட்டம், அதன் கரையில் மூன்று நாலு இடத்தில் பொறி மாதிரி மின்னிச்சு, பிறகு மெல்ல மெல்ல உள்ளுக்கு நிறைஞ்சுகொண்டு வந்தது. இரண்டு நிமிடம் கடந்த பிறகும் வெளிச்சம் அணையாமல் நிற்குது, அது நல்ல அறிகுறி, பரவின புற்றுநோய் என்றால் அந்த நேரத்துக்குள் கருத்துப்போயிருக்கும் என்று சொன்னார். ஊரில் இந்தப் பரிசோதனை கிடைக்கிற இடங்களும் இருக்கும், கேட்டுப் பாருங்கோ. சிறுநீரகம் பழுதானவர்களுக்கு இது பெரிய உதவி.

இருட்டறை:

நெடுந்தீவான் சொல்வது முழுக்கச் சரி. நான் அதை எழுதாததற்குக் காரணம் சோம்பல்தான். இங்கே பெரிய ஊர்களில் சில இடங்களில் செய்கிறார்கள், ஆனால் ஃபேட்டி லிவர் அதிகமாக இருந்து, கட்டி ஆழத்தில் இருந்தால் குமிழியும் சரியாகத் தெரியாது. அம்மாவுக்குக் கிரியாட்டினின் (சிறுநீரகத்துக்கான ரத்தப் பரிசோதனை) நார்மல் என்றால் எம்.ஆர்.ஐ.யே போதும்.

தாமிரபரணிக்காரன்:

கிடைத்துவிட்டது! பரணில், பித்தளை அண்டாவுக்குள், துணிக்கடை மஞ்சப்பையில் சுற்றி வைத்திருந்திருக்கிறார்கள். ஸ்கேன் படம் எல்லாம் அந்த வழுவழு காகிதம், மங்கிப் பழுப்பேறி ஒன்றும் தெரியவில்லை, ஆனால் டைப் அடித்த ரிப்போர்ட் நன்றாக இருக்கிறது. 2014 ஆகஸ்ட். பித்தப்பையில் கற்கள் என்று எழுதியதற்குக் கீழே, ஈரல் அளவும் தன்மையும் நார்மல், 6-ஆம் செக்மென்ட்டில் 2.5 செ.மீ. ஹைப்பர்எக்கோயிக் லீஷன், ஹெமாஞ்சியோமா. கேள்விக்குறிகூட இல்லை.

இதில் எனக்கு ஒரு குழப்பம். அதே 6-ஆம் செக்மென்ட். ஆனால் அப்போது ஹைப்பர், இப்போது ஹைப்போ. அப்போது வெள்ளை என்றால் இப்போது எப்படிக் கருப்பு ஆனது? அது வேறு, இது வேறா? 2.5 இப்போது 2.8 ஆகியிருக்கிறதே, வளர்கிறதா?

இருட்டறை:

உங்கள் அம்மாவின் கட்டி நிறம் மாறவில்லை, ஈரல்தான் மாறியிருக்கிறது. 2014-இல் ஈரல் நார்மல் என்று அவர்களே எழுதியிருக்கிறார்கள், அதனால் பொட்டு வெள்ளை. அதற்குப் பிறகு சர்க்கரை வந்தது, கொழுப்பு ஏறியது, சுவர் வெளுத்தது, பொட்டு கருத்தது. அன்றைக்கு நான் சுவரைப் பற்றிச் சொன்னேனே, அதற்கு இதைவிட நல்ல உதாரணம் எனக்கே கிடைக்காது, அந்த ரிப்போர்ட்டைப் பெயரை மறைத்துவிட்டு அனுப்புங்கள், மாணவர்களுக்குக் காட்டிக்கொள்கிறேன்.

மூன்று மில்லிமீட்டர் வித்தியாசம் ஒன்றுமில்லை. ஒரே நாளில் இரண்டு பேர் அளந்தாலே அவ்வளவு மாறும். இத்தனை வருடம் அதே இடத்தில் அதே அளவில் உட்கார்ந்திருக்கிற ஒன்று மெட்டாஸ்டாஸிஸாக இருப்பதற்கு வழியில்லை. ஆனாலும் பழைய படம் மங்கிவிட்டது, வார்த்தை மட்டும்தான் இருக்கிறது. ஆகவே எம்.ஆர்.ஐ.யை ஒரு தடவை எடுத்து முடித்துவிடுங்கள், அவசரம் வேண்டாம், இந்த வாரமே ஓட வேண்டியதில்லை. போகும்போது அந்த 2014 காகிதத்தைக் கையில் கொடுத்து, படிக்கப்போகிற டாக்டரிடம் சேருகிறதா என்று பார்த்துக்கொள்ளுங்கள்.

பச்சை வென்ஃப்ளான்:

பித்தப்பை எடுத்தபோது உள்ளே கிளிப் போட்டிருப்பார்கள், பெரும்பாலும் டைட்டானியம்தான், எம்.ஆர்.ஐ.க்குப் பிரச்சினை இல்லை. இருந்தாலும் ஃபார்மில் கேட்பார்கள், மறைக்காமல் எழுதுங்கள். சி.டி.யும் எம்.ஆர்.ஐ.யும் ஃபிலிம் மட்டும் வாங்காதீர்கள், எல்லாப் படமும் பதிந்த தட்டு (டிஸ்க்) கேட்டு வாங்குங்கள், முடிந்தால் பென்டிரைவில் இன்னொரு காப்பி. ஃபிலிமில் நாங்கள் தேர்ந்தெடுத்த படம்தான் இருக்கும், தட்டில் எல்லாமே இருக்கும்.

தாமிரபரணிக்காரன்:

ரிப்போர்ட் நேற்று வந்தது. டி2-இல் நல்ல வெளிச்சம், ஓரத்தில் முடிச்சு முடிச்சாக மருந்து ஏற்றம், கடைசிப் படத்தில் முழுக்க நிறைந்துவிட்டது. ஹெமாஞ்சியோமா என்று நேராக எழுதியிருக்கிறார்கள். அதோடு பித்தப்பை இருந்த இடத்துக்குப் பக்கத்தில் ஒரு சின்னத் திட்டு, அது கொழுப்பு ஏறாமல் விட்டுப்போன ஈரல் மட்டும்தான், கட்டி கிடையாது என்று ஒரு வரி. இதை ஸ்கேனில் தனியாகப் பார்த்திருந்தால் அதற்கும் ஒரு கேள்விக்குறி போட்டிருப்பார்களோ என்னவோ.

காஸ்ட்ரோ டாக்டர் கட்டியைப் பற்றி அரை நிமிடம்தான் பேசினார், இனி அதற்காக ஸ்கேன் எடுக்க வேண்டாம் என்றார். மீதி இருபது நிமிடமும் கொழுப்பைப் பற்றித்தான். எடை ஏழு கிலோ குறைய வேண்டும், சர்க்கரை இன்னும் இறங்க வேண்டும், ஈரல் எவ்வளவு கெட்டிப்பட்டிருக்கிறது என்று பார்க்க ஃபைப்ரோஸ்கேன் ஒன்று எடுக்க வேண்டும். அரிசி குறைக்கச் சொன்னதில்தான் அம்மாவுக்கு முகம் வாடியது.

இனி மறைக்க வேண்டாம் என்று வீட்டுக்கு வந்து உட்கார வைத்து எல்லாவற்றையும் சொன்னோம், ஆட்டோவில் தங்கை அழுதது வரை. அம்மா வெற்றிலைக்குச் சுண்ணாம்பு தடவிக்கொண்டே கேட்டுவிட்டு, "பித்தப்பை எடுக்கும்போதே அந்த டாக்டர், ஈரல்ல ஒரு மச்சம் கெடக்கும்மா, அது பாட்டுக்குக் கெடக்கட்டும்னு சொன்னாருல்லா. எங்கிட்ட யாரு கேட்டா?" என்கிறார்.